இலக்கத்தைத் திருப்பிப் போடுற புதிர்: விடை 4.5, 7.5-னு வருது, தப்பு எங்கீங்க?

தளிர்_கவுந்தப்பாடி

எல்லாருக்கும் வணக்கமுங்க. மகள் எட்டாவது படிக்குது, என்.எம்.எம்.எஸ். கல்வி உதவித்தொகைத் தேர்வுக்குத் தயாராகுது. மனத்திறன் தாளுக்குன்னு வந்த பயிற்சித்தாள்ல இலக்கப் புதிர் மூணு சிக்கலா இருக்குதுங்க.

1) ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களைக் கூட்டினால் 12. இலக்கங்களை இடம் மாற்றினால் வரும் எண், முதல் எண்ணைவிட 27 அதிகம். அந்த எண் எது?

2) ஒரு நான்கிலக்க எண்ணை 4-ஆல் பெருக்கினால், அதே எண் கடைசியில் இருந்து முதலுக்குத் திருப்பி எழுதியதுபோல வருகிறது. எண் எது?

3) ஒரு புத்தகத்துக்கு 1-ல் இருந்து பக்க எண் போட மொத்தம் 642 இலக்கங்கள் தேவைப்பட்டன. புத்தகத்தில் எத்தனை பக்கம்?

முதல் கணக்கை எக்ஸ்ஒய், ஒய்எக்ஸ்னு வெச்சு ஆரம்பிச்சா ரெண்டும் ஒண்ணாகி அடிபட்டுப் போச்சு. அப்புறம் வேற மாதிரி எழுதிப் பார்த்ததுல 4.5, 7.5-னு வருது. இலக்கம் எப்படீங்க அரையில வரும்? ரெண்டாவதை 1000-ல இருந்து ஒவ்வொண்ணாப் போட்டுப் பாக்கறதைத் தவிர வழி தெரியலைங்க. மூணாவதுக்கு 642-ஐ 3-ஆல வகுத்து 214-னு போட்டோம், விடைப் பட்டியல்ல அந்த எண்ணே இல்லை. விடை மட்டும் போதாதுங்க, வழி வேணும்.

கோபி_கணக்கு

4.5 வந்ததுல உங்க தப்பு ஒண்ணும் இல்லீங்க, கேள்விதான் தப்பு. ஆனா அது தப்புன்னு கண்டுபிடிக்கிற வழியே இந்தப் புதிருக்கெல்லாம் சாவி, அதனால அடியில இருந்து சொல்றேன்.

எக்ஸ்ஒய்னு ஒட்டி எழுதினதுதான் முதல் வழுக்கல். இயற்கணிதத்துல ரெண்டு எழுத்தை ஒட்டி எழுதினா பெருக்கல்னு அர்த்தம். எக்ஸை ஒய்யால பெருக்கினாலும் ஒய்யை எக்ஸால பெருக்கினாலும் ஒண்ணுதானுங்களே, அதனாலதான் அடிபட்டுப் போச்சு. 57-ங்கறது அஞ்சும் ஏழும் பெருக்கின 35 இல்லை. அஞ்சு பத்தாமிடத்துல நிக்குது, அதனால 50. ஏழு ஒன்றாமிடத்துல நிக்குது, அதனால வெறும் 7.

எழுத்துக்கு இடத்தோட பேரையே வெச்சுருங்க. பத்தாமிடத்து இலக்கம் ப, ஒன்றாமிடத்து இலக்கம் ஒ. எது எங்க நிக்குதுன்னு பாப்பாவுக்கு மறக்காது.

எண் = 10ப + ஒ
திருப்பினது = 10ஒ + ப
வித்தியாசம் = 9ஒ − 9ப = 9 × (ஒ − ப)
கூட்டல் = 11ப + 11ஒ = 11 × (ப + ஒ)

ஈரிலக்கப் புதிர்ல பெரும்பாலானது இந்த ரெண்டு வரிக்குள்ள அடங்கிரும். திருப்பின வித்தியாசம் எப்பவும் 9-ன் மடங்கு, திருப்பின கூட்டல் எப்பவும் 11-ன் மடங்கு. 25 அதிகம்னு ஒரு கேள்வி வந்தா 25 ஒன்பதால வகுபடாது, கணக்கே போட வேண்டாம், விடை இல்லை.

உங்க கேள்விக்கு வர்றேன். 27 ÷ 9 = 3, அதனால ஒ − ப = 3. ப + ஒ = 12. ரெண்டையும் கூட்டினா 2ஒ = 15. அங்கதான் உங்களுக்கு 7.5 வந்துருக்குது. ரெண்டு முழு எண்ணோட கூட்டலும் வித்தியாசமும் ஒண்ணா ரெண்டுமே ஒற்றைப்படையா இருக்கோணும், இல்லைன்னா ரெண்டுமே இரட்டைப்படையா இருக்கோணும். 12 இரட்டை, 3 ஒற்றை, சேராது. நம்பிக்கை வரலைன்னா திருப்பினா 27 கூடுற ஈரிலக்க எண் அத்தனையும் இதோ: 14, 25, 36, 47, 58, 69. இலக்கக் கூட்டல் முறையே 5, 7, 9, 11, 13, 15. 12 எங்கயும் இல்லை.

கேள்வி எழுதினவங்க 18-னு போட நினைச்சு 27-னு போட்டிருக்கலாம். 18-னா ஒ − ப = 2, ப + ஒ = 12, விடை 57. திருப்பினா 75, வித்தியாசம் 18, சரி. இல்லை கூட்டல் 11-னு இருந்திருந்தா 47.

மூன்றிலக்கத்துக்கும் இதே வழிதான். 100நூ + 10ப + ஒ-ல இருந்து திருப்பினதைக் கழிச்சா 99 × (நூ − ஒ) மட்டும் மிஞ்சும், நடு இலக்கம் காணாமப் போயிரும். இதுலதான் பசங்க நிறைய மாட்டிக்கிறாங்க: வித்தியாசத்தை வெச்சு நடு இலக்கத்தைக் கண்டுபிடிக்கவே முடியாது, அதுக்குக் கேள்வியில வேற ஒரு தடயம் இருக்கும், அதைத் தேடோணும். பாப்பாவுக்கு ஒண்ணு குடுக்கறேன், போட்டுப் பாக்கச் சொல்லுங்க: நடு இலக்கம் மத்த ரெண்டோட கூட்டல், மூணு இலக்கமும் சேர்ந்து 16, திருப்பினா 198 குறையுது.

மனத்திறன் தாள்ல 90 கேள்விக்கு 90 நிமிஷம். விடை நாலு குடுத்திருக்கும்போது சமன்பாடு போடறதைவிட விடைகளைச் சோதிக்கிறது வேகம். இலக்கக் கூட்டல் பொருந்தாததை முதல்ல அடிச்சிருங்க, மிச்சத்தை மட்டும் திருப்பிப் பாருங்க.

மண்டிக்கணக்கு_ஈரோடு

கோபி அண்ணா சொன்ன ஒன்பதாம் மடங்கு தேர்வோட நிக்கறதில்லீங்க, மஞ்சள் மண்டிச் சிட்டையிலயும் நூல் கடைப் பேரேட்டுலயும் தினமும் வேலைக்கு ஆகும்.

விரலி மஞ்சள் ஒரு லாட்டுக்கு 13,580-னு போட வேண்டியதை 13,850-னு எழுதிட்டாங்கன்னு வெச்சுக்கோங்க. அந்திக்குக் கூட்டும்போது ரெண்டு பக்கமும் 270 உதைக்கும். 270 ஒன்பதால வகுபடுது, ஈவு 30. அதுல 3-ங்கறது இடம் மாறின ரெண்டு இலக்கத்துக்கும் உள்ள வித்தியாசம், பின்னால நிக்கற ஒரு பூஜ்யம், மாத்தம் பத்தாமிடத்துக்கும் நூறாமிடத்துக்கும் நடுவுலன்னு காட்டுது. அப்ப அந்த ரெண்டு இடத்துல 5-8, 2-5, 6-9 மாதிரி மூணு வித்தியாசம் உள்ள வரியை மட்டும் தேடினாப் போதும், மொத்தச் சிட்டையையும் மறுபடி டிக் அடிக்க வேண்டியதில்லை. ஈவுல பூஜ்யம் இல்லாம வெறும் 3-னு வந்தா ஒன்றாமிடமும் பத்தாமிடமும்.

ரெண்டு எச்சரிக்கை. ஒண்ணு, பூஜ்யம் விட்டுப்போனாலும் வித்தியாசம் 9-ல வகுபடும். 4,500-க்குப் பதிலா 450 போட்டா வித்தியாசம் 4,050, அதை 9-ஆல வகுத்தா 450, அதாவது தப்பா எழுதின எண்ணே வந்து நிக்கும். அதனால ஈவு ஒரே இலக்கமும் பூஜ்யமுமா இல்லாம 450, 1,275 மாதிரி வந்தா, அந்த எண்ணே சிட்டையில இருக்குதான்னு முதல்ல தேடுங்க. ரெண்டு, 9-ல வகுபட்டாலே இலக்கம் மாறினதுதான்னு முடிவு கட்டிராதீங்க. சும்மா வர்ற வித்தியாசத்துலயும் ஒன்பதுல ஒண்ணு வகுபடத்தான் செய்யும்.

இலக்கத்தைக் கூட்டி ஒன்பதை விலக்கிச் சரிபார்க்கிற பழைய முறை இந்தத் தப்பைப் பிடிக்கவே பிடிக்காது. 13,580-க்கும் 13,850-க்கும் இலக்கக் கூட்டல் ஒண்ணேதான், 17. பக்கத்துப் பக்கத்து இலக்கம் மாறினதைப் பிடிக்க 11-ன் முறை வேணும்: வலது கடைசியில இருந்து ஒண்ணு விட்டு ஒண்ணு கூட்டிக் கழிங்க. 0 − 8 + 5 − 3 + 1 = −5. 0 − 5 + 8 − 3 + 1 = 1. ரெண்டும் வேற, மாட்டிக்கிச்சு.

தளிர்_கவுந்தப்பாடி

ரொம்ப நன்றிங்கண்ணா. கேள்வியே தப்பா இருக்கும்னு நாங்க நினைக்கவே இல்லைங்க.

கோபி அண்ணா குடுத்ததைப் பாப்பா போட்டுருச்சு. நடு இலக்கம் மத்த ரெண்டோட கூட்டல்னா மொத்தம் 2ப = 16, ப = 8, நூ + ஒ = 8. 198 ÷ 99 = 2. அதனால நூறாமிடமும் ஒன்றாமிடமும் 3, 5. விடை 385-னு சொல்லுது. சரீங்களா?

கோபி_கணக்கு

வழி முழுக்கச் சரி, கடைசி அடியில திசை மாறிப்போச்சு. திருப்பினா குறையுதுன்னா முதல் எண்தான் பெருசு, நூறாமிடம் பெருசா இருக்கோணும். விடை 583. 583 − 385 = 198. விடைப் பட்டியல்ல 385, 583 ரெண்டும் பக்கத்துப் பக்கத்துல நிக்கும், வேணும்னே வெப்பாங்க. அதிகம், குறைவுங்கற சொல்லுக்குக் கீழே கோடு போட்டுட்டு அப்புறம் ஆரம்பிக்கச் சொல்லுங்க.

இன்னொண்ணு: நடு இலக்கம் மத்த ரெண்டோட கூட்டலா இருந்தா அந்த மூன்றிலக்க எண் எப்பவும் 11-ல வகுபடும். 583 = 11 × 53. சரிபார்க்க இதுவும் ஒரு வழி.

உடுமலை_எண்கள்

ரெண்டாவது புதிருக்கு வாங்க. 1000-ல இருந்து போட்டுப் பார்க்க வேண்டியதில்லை, ரெண்டு ஓரத்துல இருந்தும் நெருக்கினா நாலு வரியில முடிஞ்சுரும். இலக்கங்களை ஆ, நூ, ப, ஒ-னு வெச்சுக்கோங்க.

முதல்ல இடது ஓரம். நாலு மடங்கு ஆக்கியும் நான்கிலக்கமாவே இருக்கோணும், அதனால எண் 2500-க்குக் கீழே. ஆ ஒண்ணா 1, இல்லைன்னா 2.

அடுத்து வலது ஓரம். பெருக்கி வந்த எண்ணோட ஒன்றாமிடம் ஆ. நாலால பெருக்கினது எப்பவும் இரட்டைப்படையில முடியும், அதனால ஆ = 1 ஆகாது. ஆ = 2.

இப்ப ஒ. நாலால பெருக்கினா 2-ல முடியற இலக்கம் 3-உம் 8-உம்தான். ஆனா பெருக்கி வந்த எண்ணோட முதல் இலக்கமும் ஒ-தான். 2000-த்துச் சொச்சத்தை நாலு மடங்கு ஆக்கினா 8000-க்குக் குறையாது. அதனால 3 போச்சு, ஒ = 8.

மிச்சம் நடு ரெண்டு. இங்கதான் விரிச்சு எழுதோணும்:

4 × (2008 + 100நூ + 10ப) = 8002 + 100ப + 10நூ
8032 + 400நூ + 40ப = 8002 + 100ப + 10நூ
390நூ + 30 = 60ப
13நூ + 1 = 2ப

ப பெருசாப் போனா 9, அதனால வலது பக்கம் 18-ஐத் தாண்டாது. நூ = 0-ன்னா 1 = 2ப, ஆகாது. நூ = 1-ன்னா 14 = 2ப, ப = 7. நூ = 2-ன்னாவே 27 ஆயிருது. விடை 2178 மட்டும்தான். 2178 × 4 = 8712.

இதுல கவனிக்க வேண்டியது: கடைசி வரி ஒரே சமன்பாடு, தெரியாத எழுத்து ரெண்டு. சமன்பாடு போதாதுன்னு நிறையப் பேரு அங்கயே விட்டுருவாங்க. இலக்கம் 0-ல இருந்து 9 வரைக்கும் முழு எண்ணாத்தான் இருக்கும்ங்கறதே இன்னொரு தடயம், அதையும் பயன்படுத்தோணும்.

இதுக்குச் சொந்தக்காரப் புதிர் ஒண்ணு தேர்வுல அடிக்கடி கேப்பாங்க: 1-ல ஆரம்பிக்கிற ஆறிலக்க எண், அந்த 1-ஐ எடுத்துக் கடைசியில போட்டா மூணு மடங்கு ஆகுது. இதுக்கு ஆறு எழுத்து வெச்சா மாட்டிக்குவீங்க. 1-க்குப் பின்னால நிக்கற அஞ்சு இலக்கத்தையும் ஒரே பொட்டலமாக் கட்டி வா-ன்னு வெச்சுக்கோங்க. முதல் எண் 1,00,000 + வா. பொட்டலம் ஒரு இடம் இடப்பக்கம் தள்ளிப்போச்சு, அதனால புது எண் 10வா + 1.

3 × (1,00,000 + வா) = 10வா + 1
2,99,999 = 7வா
வா = 42,857

எண் 1,42,857. மூணு மடங்கு 4,28,571. எந்த இலக்கம் அசையுது, எது ஒட்டா அப்படியே நகருதுன்னு பார்த்து, ஒட்டா நகர்றதுக்கெல்லாம் ஒரே எழுத்து வைக்கோணும்.

சுழியம்_பொள்ளாச்சி

மூணாவது கணக்கை நான் எடுத்துக்கறேன். 642-ஐ நேரா 3-ஆல வகுத்தது எல்லாப் பக்கமும் மூன்றிலக்கம்னு எடுத்துக்கிட்டதால வந்த தப்பு.

1-ல இருந்து 9 வரைக்கும் 9 இலக்கம். 10-ல இருந்து 99 வரைக்கும் 90 எண், 180 இலக்கம். ஆக 99 பக்கத்துக்கு 189. மிச்சம் 642 − 189 = 453. அதை 3-ஆல வகுத்தா 151. மொத்தம் 99 + 151 = 250 பக்கம். இதுல ரெண்டு இடத்துல சறுக்குவாங்க: 10-ல இருந்து 99 வரைக்கும் 89 எண்ணுன்னு எண்ணுவாங்க (99 − 10 + 1 = 90), இல்லைன்னா 151-ஓட நிறுத்திருவாங்க. மிச்சம் மூணால மீதியில்லாம வகுபடலைன்னா ஏதோ ஒரு எண்ணை விட்டுட்டோம்னு அர்த்தம், இல்லைன்னா கேள்வி தப்பு.

இதுக்குப் பக்கத்துக் கணக்கு, 1-ல இருந்து 999 வரைக்கும் எழுதினா 7 எத்தனை தடவை வரும்கறது. 000-ல இருந்து 999 வரைக்கும் எல்லாத்தையும் மூணு இலக்கமா எழுதினதா நினைச்சுக்கோங்க. மொத்தம் 3000 இலக்கம், பத்து இலக்கமும் சமமா வரும், அதனால 7 வர்றது 300 தடவை. இதே 300-ஐப் பூஜ்யத்துக்கும் போட்டா தப்பு. 007-ல முன்னால நிக்கற பூஜ்யத்தை யாரும் எழுதறதில்லையே. சரியான விடை 189.

189 எங்கயோ பார்த்த எண்ணா இருக்குதுங்களா? மேலே 99 பக்கத்துக்கு வந்த அதே 189. இது தற்செயல் இல்லீங்க. 99 வரைக்கும் உள்ள எண்ணுல எந்த இலக்கத்தையாவது எடுத்து, அதுக்குப் பின்னால ஒரு பூஜ்யத்தைச் செருகுங்க: 47-ல 4-க்குப் பின்னால செருகினா 407, 7-க்குப் பின்னால செருகினா 470. 999 வரைக்கும் உள்ள ஒவ்வொரு பூஜ்யமும் இப்படி ஒரே ஒரு இலக்கத்துக்குப் பின்னால வந்து உக்காந்ததுதான். அங்க எத்தனை இலக்கமோ இங்க அத்தனை பூஜ்யம். இலக்கக் கணக்குல எனக்கு ரொம்பப் பிடிச்ச இடம் இது.

முன்னால நிக்கற பூஜ்யம் நேர்மாறா வேலை கெடுக்கற இடமும் உண்டு. நாசிக் பக்கத்துல தேவ்லாலியில பள்ளி ஆசிரியரா இருந்த கப்ரேகர் 1949-ல சொன்ன 6174 கணக்குத் தெரியுமுங்களா? நாலு இலக்கமும் ஒண்ணா இல்லாத எந்த நான்கிலக்க எண்ணையும் எடுத்து, இலக்கங்களைப் பெருசுல இருந்து சிறுசா ஒரு தடவை, சிறுசுல இருந்து பெருசா ஒரு தடவை எழுதிக் கழிக்கோணும். திரும்பத் திரும்பச் செஞ்சா ஏழு தடவைக்குள்ள 6174 வந்து நின்னுரும். 2111-ஐ எடுத்துக்கோங்க. 2111 − 1112 = 999. இங்க 999-னு வெச்சு அடுத்த படிக்குப் போனா 999 − 999 = 0, கணக்குச் செத்துப் போயிரும். 0999-னு நாலு இடத்தையும் காப்பாத்தினாத்தான் நடக்கும்: 9990 − 0999 = 8991, 9981 − 1899 = 8082, 8820 − 0288 = 8532, 8532 − 2358 = 6174. பாப்பா செஞ்சு பார்த்து வரலைன்னா முதல்ல பூஜ்யத்தைத்தான் சந்தேகப்படோணும்.

சின்னப் பசங்க யாராவது வீட்டுல இருந்தா இதையும் கவனிங்க. நம்ம எண்ணுப் பேருலயே இடமதிப்பு இருக்குது, முந்நூத்தி நாப்பத்திரெண்டுன்னா மூணு நூறு, நாலு பத்து, ரெண்டு. ஆனா தொண்ணூறுல நூறுன்னு காதுல விழுது, இருக்கறது பத்தாமிடம். தொள்ளாயிரத்துல ஆயிரம்னு விழுது, இருக்கறது நூறாமிடம். சொல்லிக்கேட்டு எழுதும்போது இந்த ரெண்டுல இடம் தள்ளிப்போனா, எழுத்தைத் திருத்தறதோட விடாம, கட்டம் போட்டு இடத்தைக் காட்டுங்க.

மண்டிக்கணக்கு_ஈரோடு

ஈரோட்டுல இருந்துக்கிட்டு 1729-ஐச் சொல்லாம விட முடியாதுங்க. ராமானுஜன் 1887 டிசம்பர் 22-ல இங்கதான் பொறந்தாரு. ரெண்டு கனங்களோட கூட்டலா ரெண்டு வழியில எழுத முடியற மிகச்சின்ன எண்ணுன்னு எல்லாருக்கும் தெரியும்: 12-ன் கனம் + 1-ன் கனம், 10-ன் கனம் + 9-ன் கனம். அதுக்குள்ள ஒரு இலக்கப் புதிரும் இருக்குது. 1 + 7 + 2 + 9 = 19. 19-ஐத் திருப்பினா 91. 19 × 91 = 1729.

இலக்கக் கூட்டலை அதோட திருப்பினதால பெருக்கினா அதே எண் வர்றது வேற எதுக்கெல்லாம்னு தேடினா, நான்கிலக்கம் வரைக்கும் கூட்டல் 36-ஐத் தாண்டாது. எந்த எண்ணும் அதோட இலக்கக் கூட்டலும் 9-ஆல வகுத்தா ஒரே மீதி. அப்ப கூட்டலோட மீதியும், அந்தக் கூட்டலோட வர்க்கத்துக்கு வர்ற மீதியும் ஒண்ணா இருக்கோணும். அதுக்கு மீதி 0 இல்லைன்னா 1. ஆகச் சோதிக்க வேண்டியது 1, 9, 10, 18, 19, 27, 28, 36 மட்டும். 1, 81, 18 × 81 = 1458, 1729 நாலும் தேறும். 27 × 72 = 1944, இலக்கக் கூட்டல் 18, தேறாது. 10, 28, 36 மூணும் தேறாது, பாப்பாவையே போட்டுப் பாக்கச் சொல்லுங்க.

உடுமலை_எண்கள்

பாப்பாவுக்கு இதையும் குடுங்க. ஒவ்வொரு எழுத்தும் ஒரு இலக்கம், வேற வேற எழுத்துக்கு வேற வேற இலக்கம்:

மாமா + பாபா = பாபாதா

போட்டுப் பாக்காம, விரிச்சு எழுதியே முடிக்கோணும்.

தளிர்_கவுந்தப்பாடி

36 × 63 = 2268, கூட்டல் 18. 28 × 82 = 2296, கூட்டல் 19. 10 × 01 = 10, கூட்டல் 1. மூணும் தேறலைங்கண்ணா, போட்டுப் பார்த்தாச்சு.

மாமா கணக்குக்குப் பாப்பா எழுதினதை அப்படியே போடறேன்: "11மா + 11பா = 110பா + தா. இடது பக்கம் 11-ல வகுபடும், 110பா-வும் வகுபடும், அதனால தா-வும் வகுபடணும். தா ஒரே இலக்கம், அதனால 0. 11-ஆல வகுத்தா மா + பா = 10பா. மா = 9பா. மா 9-ஐத் தாண்டக்கூடாது, அதனால பா = 1, மா = 9. 99 + 11 = 110."

உடுமலை_எண்கள்

சரியா இருக்குதுங்க. பா = 0 ஏன் ஆகாதுன்னு மட்டும் ஒரு வரி சேர்த்துக்கச் சொல்லுங்க: பா-ல ரெண்டு எண் ஆரம்பிக்குது, பூஜ்யத்துல எண் ஆரம்பிக்காது.